மதகடிப் பதில்கள்: தேம்ஸ் கரையில் ஒரு சின்ன ஊர்

போன இதழில் பாலாற்று ஷட்டர்களைப் பற்றிய கேள்விக்குப் பதில் எழுதும்போது, "இங்கிலாந்தில் கோரிங் என்ற ஊரில் ஒரு தடுப்பணையும் அதன் பக்கத்தில் படகு போகும் லாக்கும் பார்த்தேன், அணையின் மேல் நின்றபோது வாலாஜா அணைக்கட்டு ஞாபகம்தான் வந்தது" என்று போகிற போக்கில் ஒரு வரி எழுதிவிட்டேன். அணைக்கட்டைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை. வந்த கடிதமெல்லாம் கோரிங்கைப் பற்றித்தான். சரி, இந்த முறை மற்ற கேள்விகள் காத்திருக்கட்டும்.

புதிதாகப் படிப்பவர்களுக்கு: நான் பொதுப்பணித் துறையில் முப்பத்திரண்டு வருஷம் ஏரி, மதகு, கால்வாய் என்று அலைந்து ஓய்வு பெற்றவன். வீடு சத்துவாச்சாரி. மகள் ரெடிங் நகரத்தில் வேலை பார்க்கிறாள். போன வருஷம் மே மாதம் போய் ஜூலைக் கடைசி வரை அவள் வீட்டில் இருந்தேன். காலையில் அவள் ஆபீசுக்குக் கிளம்பினால் நான் ஒரு டப்பாவில் தயிர்சாதத்தோடு ரயில் ஏறிவிடுவேன். மூன்று மாதத்தில் பதினொரு தடவை கோரிங் போனேன். லண்டனுக்கு இரண்டு தடவைதான். மகளுக்கு இதில் வருத்தம் உண்டு.

வரைபடத்தில் தேடினால் இரண்டு கோரிங் வருகிறதே, நீங்கள் சொல்வது எது? அது என்ன மாதிரி ஊர்?
வாசகர், ஆற்காடு

கடலோரம் சசெக்ஸில் ஒரு கோரிங் இருக்கிறது. அது இல்லை. நான் சொல்வது கோரிங்-ஆன்-தேம்ஸ். லண்டன் பாடிங்டன் ஸ்டேஷனிலிருந்து மேற்கே சுமார் 72 கி.மீ. வேலூரில் ஏறி வாணியம்பாடியைக் கொஞ்சம் தாண்டுகிற தூரம். ரெடிங்கில் ஏறினால் டைல்ஹர்ஸ்ட், பாங்போர்ன், அடுத்தது கோரிங். ஜனத்தொகை மூவாயிரத்தைச் சுற்றி.

இடத்தைப் புரிந்துகொள்ள உங்களுக்கு இங்கிலாந்து வரைபடம் தேவையில்லை. வாணியம்பாடியிலிருந்து ஆம்பூர் வரும்போது பஸ் ஜன்னலில் பாருங்கள். ஒரு பக்கம் ஜவ்வாது மலை, இன்னொரு பக்கம் ஆந்திர எல்லை மலைகள், நடுவே கிடைத்த சந்தில் ஆறு, ரயில், நெடுஞ்சாலை எல்லாம் ஒன்றை ஒன்று இடித்துக்கொண்டு போகும். கோரிங்கும் அப்படி ஒரு சந்துதான். கிழக்கே சில்டர்ன் குன்றுகள், மேற்கே பெர்க்‌ஷயர் மேட்டு நிலம், நடுவே தேம்ஸ். நம்முடைய மலை கருங்கல் பாறை. அவர்களுடையது சாக்பீஸ் நிறத்தில் வெண்சுண்ணாம்பு. உயரமும் நம்ம மலைக்கு முன்னால் சும்மா மேடுதான், மலை என்று சொன்னால் ஜவ்வாது கோபித்துக்கொள்ளும்.

தேம்ஸ் அன்றும் இன்றும் ஒரே வழியில் ஓடிய ஆறு அல்ல. சுமார் நாலரை லட்சம் வருஷத்துக்கு முன்னால் வடக்கிலிருந்து இறங்கிய பனிப்பாளம் அதன் பழைய பாதையை மறித்தது. அதற்குப் பிறகுதான் ஆறு தெற்கே தள்ளப்பட்டு, இன்று லண்டன் இருக்கும் வழியைப் பிடித்தது. பனி மறிக்காமல் இருந்திருந்தால் லண்டன் வேறு எங்கோ இருந்திருக்கும்.

சந்து என்றால் எல்லாரும் அதில்தான் நுழைவார்கள். மிகப் பழைய மேட்டுப்பாதை ஒன்று இங்கேதான் ஆற்றைக் கடக்கிறது. இப்போது அதை ரிட்ஜ்வே என்று 139 கி.மீ. நடைபாதையாகப் பராமரிக்கிறார்கள். ஆற்றோடு ஒட்டிப் போகும் தேம்ஸ் பாதையும் ஊருக்குள் வருகிறது, அது 296 கி.மீ. புருனல் என்ற பொறியாளர் போட்ட இருப்புப் பாதை 1840-ல் வந்தது. நம்ம பக்கம் ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடுக்கு முதல் ரயில் ஓடியது 1856-ல். பதினாறே வருஷ வித்தியாசம்! ஊருக்குக் கீழே அவர் கட்டிய செங்கல் வளைவுப் பாலத்தின் மேல் இன்றும் ரயில்கள் பறக்கின்றன. அடியில் நின்று செங்கல் வரிசையைப் பார்த்தேன். பாலம் ஆற்றுக்குக் குறுக்கே நேராக இல்லாமல் சாய்வாகப் போவதால், வளைவுக்குள் செங்கலையும் சாய்த்துச் சாய்த்து அடுக்கியிருக்கிறார்கள். அந்தக் கொத்தனாருக்கு ஒரு கும்பிடு.

இன்னொன்று. ஆற்றுக்கு அக்கரையில் இருக்கும் ஊர் ஸ்ட்ரீட்லி. கோரிங் ஆக்ஸ்ஃபர்ட்‌ஷயர், ஸ்ட்ரீட்லி பெர்க்‌ஷயர். ஆறுதான் மாவட்ட எல்லை. பாலத்தின் நடுவில் நின்றால் ஒரு கால் ஒரு மாவட்டத்தில், இன்னொரு கால் இன்னொரு மாவட்டத்தில்.

லாக் என்கிறீர்கள். ஆற்றுக்கு எதற்குப் பூட்டு?
கல்லூரி மாணவி, திருவலம்

நல்ல கேள்வி அம்மா. நானும் போவதற்கு முன்னால் புத்தகத்தில் படம்தான் பார்த்திருந்தேன்.

முதலில் தடுப்பணையைப் புரிந்துகொள். நாம் ஆற்றுக்குக் குறுக்கே அணைக்கட்டு கட்டுவது தண்ணீரைப் பக்கவாட்டில் திருப்ப. வாலாஜா பக்கத்தில் பாலாற்றின் மேல் 1850-களில் கட்டிய அணைக்கட்டு கிட்டத்தட்ட அரை மைல் நீளம். அதன் வேலை வெள்ளத்தைக் கால்வாயில் தள்ளி காவேரிப்பாக்கம் ஏரிக்கும் மற்ற ஏரிகளுக்கும் அனுப்புவது. தேம்ஸில் கட்டியது தண்ணீரைத் திருப்ப இல்லை, நிறுத்தி வைக்க. மட்டம் உயர்ந்தால் மாவு மில் சக்கரம் சுற்றும், படகும் தரை தட்டாமல் போகும். ஒரு அணையில் நின்ற தண்ணீர் அடுத்த அணையின் காலடி வரை நிற்கும். ஆறு மொத்தமும் படிக்கட்டு மாதிரி, ஒவ்வொரு படியும் ஒரு நீளமான குளம்.

படிக்கட்டில் தண்ணீர் இறங்கிவிடும், படகு எப்படி இறங்கும்? பழைய காலத்தில் அணையில் கொஞ்ச இடத்தில் பலகைகளைச் செருகி வைத்திருப்பார்கள். நம்ம ஏரியில் உபரித் தண்ணீர் வழிகிற கலிங்கலில் பலகை போட்டு ஏரி மட்டத்தைத் தூக்குவோமே, அதே சங்கதி. படகு வந்தால் பலகைகளை உருவுவார்கள். தண்ணீர் பாய்ந்து வெளியேறும், அந்தப் பாய்ச்சலோடு படகும் பாயும். மேலே போக வேண்டிய படகை அந்த ஓட்டத்துக்கு எதிராகக் கயிறு கட்டி இழுப்பார்கள். மில்காரர் "என் தண்ணீர் போகிறது" என்பார், படகுக்காரர் "என் சரக்கு நிற்கிறது" என்பார். கடைமடைச் சண்டை எந்த நாட்டிலும் ஒரே சண்டைதான்.

லாக் வந்தபிறகு இது தீர்ந்தது. கோரிங்கில் முதல் லாக் 1787-ல். அணைக்குப் பக்கத்தில் ஒரு தொட்டி, இரண்டு முனையிலும் கதவு. கீழே போகிற படகு மேல்கதவு வழியாகத் தொட்டிக்குள் வரும். கதவைச் சாத்தி, கீழ்முனையில் சின்னத் துவாரத்தைத் திறந்தால் தொட்டித் தண்ணீர் மெதுவாக வடியும். படகும் அதோடு ஆறடி போல இறங்கும். மட்டம் சமமானதும் கீழ்க்கதவு திறக்கும். பம்பு கிடையாது, தண்ணீர் தன் பாட்டுக்குத் தாழ்வைத் தேடுவதுதான் மொத்த வித்தை. ஒவ்வொரு முனையிலும் இருப்பது இரட்டைக் கதவு. இரண்டும் நேராக மூடாது. மேல்பக்கம் பார்த்து முக்கோணமாகச் சந்திக்கும். தண்ணீர் எவ்வளவு அழுத்துகிறதோ அவ்வளவு இறுக்கமாக மூடிக்கொள்ளும். திறக்க மூட இப்போது பட்டன், ஹைட்ராலிக்.

அங்கே லாக் கீப்பர் என்று ஒருவர் இருக்கிறார். நம்ம ஊரில் மதகைத் திறந்து மூடும் லஸ்கர்தான். ஆனால் லஸ்கருக்கு அணைக்கட்டின் மேலேயே அழகான வீடும் முன்னால் ரோஜாத் தோட்டமும் கொடுத்தால் எப்படி இருக்குமோ, அப்படி. லாக்கும் பார்க்க வேண்டும், பக்கத்து அணை ஷட்டரும் அவர் பொறுப்பு. மழை பெய்தால் ஷட்டரைத் தூக்கி மட்டத்தைச் சரிசெய்து, ஓட்டம் அதிகமானால் படகுகளுக்குச் சிவப்புப் பலகை மாட்டுவார். கோடையில் உதவிக்குச் சம்பளம் வாங்காத தொண்டர்களும் உண்டு. மூன்றாவது தடவை போனபோது நான் கேஜ் பலகையைக் குனிந்து படிப்பதைப் பார்த்துவிட்டு, "நீங்கள் தண்ணீர் வேலை பார்த்தவரா?" என்று கேட்டார். எப்படிக் கண்டுபிடித்தீர்கள் என்றேன். "சுற்றிப் பார்க்க வருகிறவர்கள் படகைப் பார்ப்பார்கள், அளவுகோலை யாரும் பார்க்கமாட்டார்கள்" என்றார். அன்றைக்கு இரண்டு பேரும் ஒரு மணிநேரம் ஷட்டர் பேசினோம். என் இங்கிலீஷ் வாழ்க்கையில் அவ்வளவு சரளமாக ஓடியது அன்று ஒருநாள்தான்.

அந்த ஊரில் யாராவது பிரபலம் இருந்தார்களா?
வாசகர், பேரணாம்பட்டு

1893 கோடையில் நாடக ஆசிரியர் ஆஸ்கார் வைல்ட் வாடகைக்கு வீடு பிடித்துத் தங்கியிருந்தார். பிற்பாடு தன் நாடகப் பாத்திரம் ஒன்றுக்கு 'லார்ட் கோரிங்' என்றே பெயர் வைத்தார். பாப் பாடகர் ஜார்ஜ் மைக்கேல் ஆற்றங்கரையில் வசித்து, 2016 கிறிஸ்துமஸ் அன்று அங்கேயே காலமானார். நான் போனபோது என்னைத்தான் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள், வெயிலில் குடை பிடித்துக்கொண்டு போனதால்.

என் மகனும் மருமகளும் ரெடிங்கில் வேலை. அமைதியான இடம் என்று கோரிங் பக்கம் வீடு பார்க்கிறார்கள். கைக்குழந்தை இருக்கிறது. கடை, டாக்டர், பள்ளிக்கூடம் எல்லாம் உண்டா? மூவாயிரம் பேர் ஊர் என்கிறீர்களே, பயமாக இருக்கிறது.
வாசகி, குடியாத்தம்

பயப்படாதீர்கள் அம்மா. மூவாயிரம் பேர் என்றதும் நம்ம பக்கத்துக் குக்கிராமத்தை மனதில் வைக்காதீர்கள். ஊருக்குள்ளேயே டாக்டர் கிளினிக், மருந்துக்கடை, பல் டாக்டர், மளிகை, ஆரம்பப் பள்ளி, நூலகம் எல்லாம் நடக்கிற தூரம். மேல்வகுப்புக்குப் பிள்ளைகள் பக்கத்து ஊர் வுட்கோட்டுக்குப் போகிறார்கள். பெரிய வைத்தியம் என்றால் ரெடிங் ஆஸ்பத்திரிதான். நம்ம ஊரில் எதற்கெடுத்தாலும் வேலூர் சி.எம்.சி. ஆஸ்பத்திரி என்று ஓடுவதுபோல முடியாது. முதலில் ஊர் டாக்டர், அவர் எழுதிக்கொடுத்தால்தான் ஆஸ்பத்திரி. கைக்குழந்தை இருப்பதால் குடிபோன வாரமே கிளினிக்கில் பெயர் பதியச் சொல்லுங்கள்.

கறிவேப்பிலை, இட்லி அரிசி எல்லாம் ரெடிங்கில் வாங்கிக்கொண்டு போக வேண்டும். சாயங்காலத்துக்கு மேல் ஊர் அடங்கிவிடும். ஜான் பார்லிகார்ன், கேதரின் வீல் என்று பழைய மதுவிடுதிகள் இருக்கின்றன. பெயர்தான் மதுவிடுதி. குடும்பத்தோடு வந்து சாப்பிட்டுப் போகிறார்கள், நாய்கூட மேசைக்கடியில் படுத்திருக்கிறது. நான் டீ கேட்டேன், கொடுத்தார்கள். டீ என்று பெயர், அவ்வளவுதான்.

நான் உண்மையிலேயே சொல்ல விரும்புவது வேறு. வீடு பார்க்கும்போது சமையலறையைவிட முதலில் வெள்ள வரைபடத்தைப் பார்க்கச் சொல்லுங்கள். அங்கே எந்த முகவரி வெள்ள அபாயத்தில் வருகிறது என்று அரசாங்கமே இணையத்தில் போட்டிருக்கிறது, அஞ்சல் குறியீட்டைத் தட்டினால் தெரிந்துவிடும். தேம்ஸ் சாதுவாகத்தான் தெரியும். 1894 நவம்பர், 1947 மார்ச் வெள்ளங்களைப் பழைய லாக்குகளில் கல்லில் கோடு போட்டு வைத்திருக்கிறார்கள். 2014 குளிர்காலத்திலும் 2024 ஜனவரியிலும் மறுபடி வயல்களில் ஏறியது. 1947-ல் நடந்தது என்னவென்றால், உறைந்து கிடந்த தரைமேல் பனி உருக, அதோடு மழையும் சேர்ந்துகொண்டது. தண்ணீர் உள்ளே இறங்க வழியில்லாமல் மொத்தமும் ஆற்றுக்கு வந்தது. ஆற்றோர வீடு கண்ணுக்கு அழகு, காப்பீட்டுக்காரருக்குத் தலைவலி. மேட்டில், ஸ்டேஷனுக்குக் கிழக்கே பார்த்தால் நிம்மதி. மற்றபடி ஸ்டேஷன் ஊர் நடுவிலேயே இருப்பதால் ரெடிங் போய்வரக் கார்கூட வேண்டாம்.

ஒன்று மட்டும். ரயிலில் தூங்கவேண்டாம் என்று சொல்லுங்கள். நான் பேச்சு சுவாரஸ்யத்தில் ஒருநாள் ஒரு ஸ்டேஷன் முன்னாலேயே பாங்போர்னில் இறங்கிவிட்டேன். சரி, நடப்போம் என்று விட்சர்ச் பாலத்தைக் கடந்தேன். அது இன்றும் தனியார் சுங்கப் பாலம். காருக்குக் காசு, நடப்பவருக்கு இலவசம். அங்கிருந்து குன்றுச் சரிவில் காட்டு வழியே கோரிங்குக்கு நாலு மைல். ஹார்ட்ஸ்லாக் என்ற அந்தச் சரிவில் அபூர்வமான காட்டு ஆர்க்கிட் பூக்கள் மே மாதத்தில் பூக்கும். குரங்கு ஆர்க்கிட் என்று ஒன்று. கிட்டே போய்ப் பார்த்தால் நிஜமாகவே கையும் காலும் வாலும் உள்ள குட்டிக் குரங்கு. வழி தவறியது நல்லதாகப் போயிற்று.

பாலம் வருவதற்கு முன்னால் அந்த இரண்டு ஊருக்கும் எப்படிப் போய்வந்தார்கள்?
வாசகர், விரிஞ்சிபுரம்

உங்கள் ஊர்க்காரர் இதைக் கேட்பது பொருத்தம்தான். ஆற்றில் தண்ணீர் வந்தால் அக்கரை எவ்வளவு தூரமாகிவிடும் என்று விரிஞ்சிபுரத்துக்கு 2021 நவம்பரில் மறுபடி தெரிந்ததே.

ஓடம்தான் ஐயா. 1674-ல் கோரிங்கில் ஒரு திருவிழா. முடிந்து ஸ்ட்ரீட்லிக்காரர்கள் வீடு திரும்ப ஓடத்தில் ஏறினார்கள். கூட்டம் அதிகம். அணைக்குப் பக்கத்தில் ஓட்டம் இழுத்து ஓடம் கவிழ்ந்தது. சுமார் அறுபது பேர் இறந்துபோனார்கள். ஒரு சின்ன ஊரில் அறுபது பேர் என்றால் எத்தனை வீட்டில் விளக்கு அணைந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். அதற்குப் பிறகும் பாலம் வர நூற்று அறுபது வருஷத்துக்கு மேல் ஆனது. 1837-ல் மரப்பாலம், காசு கொடுத்துக் கடக்க வேண்டும். இப்போது இருக்கும் பாலம் 1923-ல் கட்டியது. அதன் மேல் நின்றால் ஒரு பக்கம் லாக், இன்னொரு பக்கம் அணை. ஓடம் கவிழ்ந்த இடம் இதுவாக இருக்குமோ என்று பதினொரு தடவையும் எட்டிப் பார்த்தேன்.

பாலத்திலிருந்து பார்த்தால் கோபுரம் தெரிவது புனித தாமஸ் தேவாலயம். நார்மன் காலத்துக் கட்டடம், சுவர் எல்லாம் சிக்கிமுக்கிக் கல். சுண்ணாம்பு மலையில் கட்டடத்துக்குக் கல் கிடைக்காது, சுண்ணாம்புக்குள் கிடைக்கும் சிக்கிமுக்கிக் கல்லைத்தான் பொறுக்கி வைத்துக் கட்டுவார்கள். ஒட்டிக் கன்னியர் மடம் ஒன்று இருந்தது, எட்டாம் ஹென்றி ராஜா காலத்தில் கலைத்துவிட்டார்கள். 1290-ல் வார்த்த மணி ஒன்றை உள்ளே வைத்திருக்கிறார்கள். அதைப் பார்த்துக்கொண்டிருந்தபோது உங்கள் மார்க்கபந்தீஸ்வரர் கோயிலில் இருக்கும் நேரம்காட்டும் கல் ஞாபகம் வந்தது. அவர்கள் நேரத்தை அடித்துச் சொன்னார்கள், நம் ஆள் நிழலில் காட்டிவிட்டுச் சும்மா இருந்துவிட்டான்.

வேலூர்க் கோட்டையில் நம் சிப்பாய்களைச் சுட்டவர்களின் ஊரை இப்படிப் புகழ்கிறீர்களே, வெட்கமாக இல்லையா?
வாசகர், காட்பாடி

1806-ஐ நானும் மறக்கவில்லை ஐயா. ஆனால் அவர்களுடைய மதகைப் பார்த்து நன்றாக இருக்கிறது என்று சொன்னால் கோட்டை அகழி வற்றிவிடாது. உங்களுக்காக ஒரு கதை சொல்கிறேன், இதில் கொடுத்தவர் நம் நாட்டுக்காரர்.

கோரிங்குக்குக் கிழக்கே சில மைலில், குன்றின் மேல் ஸ்டோக் ரோ என்று ஒரு கிராமம். ஊர் நடுவே தங்கக் குமிழ் வைத்த குவிமாடம், நாலு பக்கமும் திறந்த மண்டபம். இங்கிலாந்துக் கிராமத்தில் வடநாட்டுச் சத்திரத்துக் கிணறு மாதிரி என்ன இது என்று திகைத்துவிட்டேன். கிணறுதான். காசி மகாராஜா ஈஸ்வரி பிரசாத் நாராயண் சிங் வெட்டிக் கொடுத்தது. இந்தியாவில் வேலை பார்த்த எட்வர்ட் ரீட் என்ற ஆங்கிலேய அதிகாரி, தன் சொந்த ஊர்ப்பக்கம் மேட்டுக் கிராமங்களில் ஜனங்கள் தண்ணீருக்குப் படும் பாட்டை மகாராஜாவிடம் சொல்லியிருந்தார். ரீட் இங்கே கிணறு வெட்ட உதவியவர். மகாராஜா அதை மறக்கவில்லை. 1863-ல் வேலை ஆரம்பித்து 1864-ல் திறந்தார்கள். நாலடி அகலம், 368 அடி ஆழம், கையாலேயே வெட்டியது. நம்ம பக்கம் கிணறு வெட்டுகிறவர்களிடம் இந்த எண்ணைச் சொல்லிப் பாருங்கள், துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு போய்விடுவார்கள். வாளி இழுக்கும் இயந்திரத்தின் மேல் ஒரு தங்க நிற யானை நிற்கிறது. அந்தக் காலத்தில் தண்ணீர் ஊருக்கு இலவசம்.

மகளோடு காரில் போயிருந்தேன். அந்த யானையைப் பார்த்துவிட்டு அவள், "அப்பா, போட்டோ எடுக்கட்டுமா?" என்றாள். எனக்கு யானையைவிட ஆழம்தான் மனதில் நின்றது. ஏன் 368 அடி? அடுத்த கேள்வியில் வருகிறது.

படத்தில் எப்போது பார்த்தாலும் தேம்ஸ் நிறைந்து ஓடுகிறது. அங்கே மழை அவ்வளவு அதிகமா? நம் பாலாறு ஏன் இப்படி?
வாசகர், ராணிப்பேட்டை

இதைக் கேட்கமாட்டீர்களா என்று காத்திருந்தேன்.

முதலில் ஒரு வேடிக்கை. பாலாற்றின் நீளம் 348 கி.மீ. கர்நாடகத்தில் 93, ஆந்திரத்தில் 33, நம்மிடம் 222. தேம்ஸின் நீளம் 346 கி.மீ. இரண்டும் அண்ணன் தம்பி. மழை? வேலூர்ப் பக்கம் வருஷத்துக்குச் சுமார் 1000 மில்லிமீட்டர். ஆக்ஸ்ஃபர்ட் பக்கம் அறுநூற்றுச் சொச்சம். ஆமாம், நமக்குத்தான் அதிகம். மகளிடம் சொன்னபோது நம்பவில்லை. அந்த ஊரில் தினமும் குடை எடுக்கிறார்கள் என்பதால் நிறையப் பெய்கிறது என்று நினைத்துக்கொண்டிருந்தாள். அங்கே பெய்வது தூறல். பன்னிரண்டு மாதமும் கொஞ்சம் கொஞ்சமாக. நமக்கோ ஐப்பசி, கார்த்திகையில் நாலு நாளில் கொட்டி முடிந்துவிடும். அப்புறம் வெயில் உறிஞ்சிக்கொள்ளும். அவர்கள் வெயில் உறிஞ்சுகிற வெயிலே இல்லை.

ஆனால் அது பாதிக் காரணம்தான். மீதி அந்தச் சுண்ணாம்பு மலை. வெண்சுண்ணாம்பு ஒரு பஞ்சு. பெய்த மழை மேலே ஓடாமல் உள்ளே இறங்கிவிடும். அதனால்தான் மலைமேல் ஓடையும் இல்லை குளமும் இல்லை, ஸ்டோக் ரோவில் 368 அடி தோண்ட வேண்டியிருந்தது. உள்ளே போன தண்ணீர் மாதக்கணக்கில் மெதுவாக நகர்ந்து மலையடிவாரத்தில் ஊற்றாக வெளிவந்து ஆற்றில் சேரும். மழை நின்று பல மாதம் கழித்தும் ஆறு ஓடுவது அந்த ஊற்றில்தான். மேலே அணைகள் மட்டத்தைப் பிடித்து வைத்துக்கொள்கின்றன. படத்தில் நீங்கள் பார்க்கும் நிறைந்த ஆறு, பாதி பஞ்சு, பாதி ஷட்டர்.

நமக்கும் ஒரு பஞ்சு இருந்ததே! பாலாற்று மணல்தான் அது. நான் வேலையில் சேர்ந்த புதிதில், சித்திரை வெயிலில் ஆற்றில் முழங்கால் ஆழம் மணலைக் கையால் தோண்டினால் தண்ணீர் சுரக்கும், பார்த்திருக்கிறேன், குடித்திருக்கிறேன். ஆற்றுப் படுகையிலிருந்து வெட்டிய ஊற்றுக்கால்வாய்கள் வட ஆற்காட்டில் எத்தனை ஊருக்குப் போகம் விளைவித்தன. மேலே காய்ந்து தெரியும், அடியில் ஆறு ஓடிக்கொண்டிருக்கும். வேலூருக்குத் தண்ணீரில்லாத ஆறு, ராஜாவில்லாத கோட்டை, சாமியில்லாத கோயில், மரமில்லாத மலை என்று சொலவடை சொல்வார்களே, அந்த முதல் ஐட்டம் அப்போது பாதிப் பொய். மணலை லாரியில் ஏற்றி அனுப்பிவிட்டு அதை முழு உண்மை ஆக்கினோம். சாமியாவது 1981-ல் கோட்டைக் கோயிலுக்கு ஜலகண்டேஸ்வரராகத் திரும்பி வந்துவிட்டார்.

தேம்ஸ்க்காரர்கள் ஒன்றும் புனிதர்கள் இல்லை, இதையும் சொல்ல வேண்டும். 1858 கோடையில் லண்டனில் ஆற்று நாற்றம் தாங்காமல் பாராளுமன்றத்தின் திரைச்சீலைகளைச் சுண்ணாம்பு மருந்தில் நனைத்துத் தொங்கவிட்டார்கள். எம்.பி.க்கள் மூக்கைப் பொத்திய பிறகுதான் பாதாளச் சாக்கடைக்குப் பணம் வந்தது. அப்படியும் 1957-ல் லண்டன் பகுதி தேம்ஸை உயிரற்ற ஆறு என்று அறிவித்தார்கள். இப்போது மீன் இருக்கிறது. ஆனால் மழை நாளில் கழிவுநீரை ஆற்றில் திறந்துவிடுகிறார்கள் என்று ஊருக்கு ஊர் சண்டை நடக்கிறது. நம் தோல் ஷாப்புக் கழிவு 1996-ல் உச்ச நீதிமன்றம்வரை போனதை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

தேம்ஸ் பிறக்கும் இடத்தையும் போய்ப் பார்த்தேன். குளோஸ்டர்‌ஷயரில் கெம்பிள் ஊர்ப்பக்கம், ஒரு வயல்வெளியில் மரத்தடியில் கல் நட்டிருக்கிறார்கள். இதுதான் தேம்ஸ் என்று எழுதியிருக்கிறது. சுற்றிலும் புல்லும் கூழாங்கல்லும். ஒரு சொட்டு இல்லை! வருஷத்தில் பெரும்பாலும் அப்படித்தானாம். 2022 வறட்சியில் இன்னும் ஐந்து மைல் கீழே போனால்தான் தண்ணீரே தெரிந்தது என்றார்கள். அந்தக் காய்ந்த பள்ளத்தில் நின்றுகொண்டு மனைவிக்கு வீடியோ கால் போட்டேன். "எங்க இருக்கீங்க, பாலாத்துலயா?" என்று கேட்டாள்.

தாத்தா, தேம்ஸ் ஆற்றில் அன்னப்பறவை இருக்குமா? நீங்கள் பார்த்தீர்களா?
ஆறாம் வகுப்பு மாணவன், வாணியம்பாடி

பார்த்தேன் கண்ணா. நிறைய. கிட்டே போகாதே, சீறும். குஞ்சு கூட இருந்தால் துரத்தும், என்னைத் துரத்தியது. என் தயிர்சாத டப்பாவைத்தான் குறிவைத்தது என்று நினைக்கிறேன்.

ஜூலை மூன்றாவது வாரத்தில் அன்னங்களைக் கணக்கெடுக்க ஆட்கள் துடுப்புப் படகில் வருவார்கள். சிவப்புச் சட்டை போட்டவர்கள் ராஜாவின் ஆட்கள். லண்டனின் பழைய வியாபாரச் சங்கங்கள் இரண்டு, திராட்சை மது வியாபாரிகளும் சாயக்காரர்களும், அவர்களுக்கும் தேம்ஸ் அன்னத்தில் பங்கு உண்டு. நூற்றாண்டுகளாக நடக்கும் வழக்கம். முன்பு விருந்துக்குப் பிடித்தார்கள், இப்போது நோய் உண்டா, காலில் தூண்டில் கயிறு சிக்கியிருக்கிறதா என்று பார்த்து, எடை போட்டு, வளையம் மாட்டி விட்டுவிடுகிறார்கள். குடும்பத்தைச் சுற்றிப் படகுகளை வளைத்துக்கொண்டு ஒருவர் குரல் கொடுப்பார், எல்லாரும் ஒன்றாக நெருங்குவார்கள். கோரிங் வழியாகப் போனதை லாக் பக்கத்தில் நின்று பார்த்தேன். குஞ்சைத் தூக்கிக் கரையில் வைத்தபோது அது சாம்பல் நிறத்தில் நம்ம ஊர் வாத்து மாதிரித்தான் இருந்தது. வெள்ளையாக இன்னும் ஒரு வருஷம் ஆகுமாம்.

பாலையும் நீரையும் பிரிக்கும் என்று உன் பாட்டி சொல்லியிருப்பாள். அங்கே அது ரொட்டியையும் பிஸ்கட்டையும்தான் பிரித்தது. நம்ம பாலாற்றுப் பக்கம் எப்போதோ ஒன்று வந்து நீரை மட்டும் பிரித்து எடுத்துக்கொண்டு போய்விட்டதோ என்று எனக்கு ஒரு சந்தேகம் உண்டு.

வானத்தில் பருந்தும் பார்த்தேன், வால் பிளந்த செந்நிறப் பருந்து, நம்ம ஊர்ச் செம்பருந்து இல்லை. அந்தப் பக்கம் அழிந்தே போயிருந்ததை 1989-லிருந்து ஸ்பெயினிலிருந்து கொண்டுவந்து சில்டர்ன் குன்றுகளில் விட்டார்களாம். இப்போது நம்ம மீன் மார்க்கெட் மேலே சுற்றுகிற மாதிரி கோரிங் மேலே சுற்றுகிறது. நீ வரைந்து அனுப்பிய அன்னம் நன்றாக இருக்கிறது. கழுத்து மட்டும் இன்னும் கொஞ்சம் நீளம் வை.